சரியாக ஆறு மணிக்குச் செத்தவர்

ரொறொன்ரோவில் ஒரு தமிழர் நிகழ்ச்சியைச் சொன்ன நேரத்துக்குத் தொடங்குவதைப் போல ஆபத்தான காரியம் வேறு இல்லை. அழைப்பிதழில் ஆறு மணி என்று இருந்தால், மண்டபத்துக் கதவைத் திறப்பவர் ஆறரைக்கு வருவார். ஏழு மணிக்கு ஒருவர் ஒலிவாங்கியைத் தட்டி "ஹலோ, ஹலோ" என்பார். ஏழேகாலுக்கு மங்கள விளக்கு. அதற்கு முன்பே வந்து உட்கார்ந்திருப்பவர்கள் கனடாவுக்குப் புதியவர்களாக இருப்பார்கள், அல்லது வெள்ளைக்காரர்களாக இருப்பார்கள். இது யாரும் எழுதி வைக்காத ஏற்பாடு. ஆனால் இதை நம்பித்தான் ஸ்காபரோவில் பிள்ளைகளைக் குளிப்பாட்டுகிறார்கள், சேலை உடுக்கிறார்கள், அடுப்பில் சோற்றை வைத்துவிட்டுக் கணவனைச் சீப்பால் தலை இழுக்கச் சொல்லுகிறார்கள். இந்த ஏற்பாட்டை என் வாழ்க்கையில் ஒரே ஒரு மாலை மீறினேன். தீயணைப்பு வண்டி வந்தது.

நான் ஒரு நாடக இயக்குநர். (இந்த வாக்கியத்தை நான் சத்தமாகச் சொன்னால் பக்கத்து அறையில் இருந்து என் மனைவி பத்மா இருமுவாள்.) பகலில் மிசிசாகாவில், விமான நிலையத்துச் சரக்குக் கிடங்கில் பெட்டி ஏற்றி இறக்குகிறவன். பள்ளிக்கூட நாடகம் ஒன்றில் காவலனாக நின்று, "மன்னா, யாரோ வருகிறார்கள்" என்ற ஒரேயொரு வசனத்தை, வந்தவர் வந்து போன பிறகு சொன்னவன். அந்த அனுபவத்தை மட்டும் வைத்துக்கொண்டு, நாற்பது வயது தாண்டியதும், கலைக்கு நான் தேவைப்படுகிறேன் என்று முடிவு செய்தேன். முதல் வேலையாகக் கழுத்தில் சுற்ற ஒரு கறுப்புச் சால்வை வாங்கினேன். மூக்குக்கண்ணாடியைத் தொங்கவிட ஒரு கயிறும் வாங்கினேன். அப்போது என்னிடம் மூக்குக்கண்ணாடி இல்லை.

அதற்குப் பிறகுதான், இயக்கத்தைக் கொஞ்சம் படித்தாலும் நல்லது என்று தோன்றியது. கனடா வந்த புதிதில் நாங்கள் குடியிருந்த பார்க்டேலில், ஒரு சமூக மண்டபத்தின் நிலக்கீழ் அறையில், புதன்கிழமை மாலைகளில் அந்த வகுப்பு நடந்தது. கற்பித்தவர் ஹெய்னோ. எண்பதைத் தாண்டிய எஸ்தோனிய மேடை நடிகர். பனை உயரம். கண்ணுக்கு மேலே இரண்டு வெள்ளைப் புருவங்கள் புதர் மாதிரி நின்றன. தான் எஸ்தோனியாவில் இருந்து வந்தவர் என்று அவர் சொன்னதும் நான் எல்லாம் தெரிந்தவன் போலத் தலையாட்டினேன்.

"உனக்கு அது எங்கே இருக்கிறது என்று தெரியாது" என்றார் ஹெய்னோ. "பரவாயில்லை. எங்கள் நாடு இருக்கும் இடத்தை மிக நன்றாகத் தெரிந்து வைத்திருந்தவர்கள் ரஷ்யர்களும் ஜேர்மானியர்களும்தான். தெரியாதவர்களோடு எங்களுக்கு ஒரு பிரச்சினையும் வந்ததில்லை."

(அவர் பேசியது ஆங்கிலம். நான் எழுதுவது என் தமிழ். நடுவில் ஏதும் விழுந்து உடைந்திருந்தால் அது சரக்குக் கிடங்குக்காரனின் கைப்பிழை.)

தாலின் நகரத்தில், மீசை முளைத்தும் முளையாத வயதில் மேடை ஏறியவர் அவர். அவருடைய ஊரில் போர் முடியும் காலம் வந்தபோது, ஒரு மீன்பிடிப் படகில் கடலைக் கடந்து சுவீடனுக்கும், பிறகு கப்பலில் கனடாவுக்கும் வந்தார். பகலில் பெயின்ற் தொழிற்சாலையில் வேலை. மாலையில், தன்னைப்போல் ஓடிவந்த எஸ்தோனியர்களுக்கு எஸ்தோனிய மொழியில் நாடகம். "கை முழுக்கப் பச்சைப் பெயின்ற்றோடு எத்தனை காதலிகளின் கையைப் பிடித்திருக்கிறேன் தெரியுமா?" என்று கேட்பார். வருடங்கள் போகப் போகப் பார்வையாளர்களும் அவரோடு சேர்ந்தே வயதானார்கள். கதிரைகள் ஒவ்வொன்றாகக் காலியாகின. கடைசியில் மேடையில் நின்றவர்கள் கீழே இருந்தவர்களை விடக் கூட என்ற நிலை வந்ததும் நடிப்பதை விட்டுவிட்டு, இயக்கம் கற்பிக்கத் தொடங்கினார்.

இரண்டு விஷயத்தில் அவர் ஒரு பிடிவாதக்காரர். நாடகம் சொன்ன நேரத்துக்குத் தொடங்க வேண்டும். தொடங்கினால் நிற்கக் கூடாது. இரண்டாவதற்கு ஒரு காரணம் இருந்தது. தாலினில் அவர் கடைசியாக நடித்த நாடகத்தில் அவர்தான் மாப்பிள்ளை. நாலாவது அங்கத்தில் கல்யாணம். மூன்றாவது அங்கத்தின் நடுவில் ஓர் அதிகாரி மேடையில் ஏறி, விமானங்கள் வருகின்றன, எல்லோரும் வீட்டுக்குப் போங்கள் என்றார். அதோடு சரி. மணப்பெண்ணாக நடித்தவள் எங்கே போனாள் என்று கூட அவருக்குத் தெரியாது.

"பிறகு நான் உண்மையாகவே கல்யாணம் செய்தேன். நல்ல மனைவி. நல்ல மகள். ஆனால் அந்தக் கல்யாணம் இன்னும் நடக்கவில்லை" என்று சொல்லிவிட்டு, நான் கொண்டுபோன மட்டன் ரோல்ஸில் அடுத்ததை எடுப்பார். எஸ்தோனியச் சாப்பாட்டில் பொறுமையைத் தவிர வேறு சுவை இல்லை என்பது அவருடைய முறைப்பாடு. எங்கள் ரோல்ஸை அவர் காதலித்தார்.

நான் அவரிடம் படித்துக்கொண்டிருந்த அந்த வருடந்தான் எங்கள் ஊரிலும் போர் முடிந்தது. அந்த வசந்தம் முழுவதும் நாங்கள் தெருவில் குளிரோடும் பதாகைகளோடும் நின்றோம். பிறகு நிற்பதற்கும் ஒன்றும் இல்லாமல் போனது. வன்னியில் இருந்த பத்மாவின் அப்பா கடைசிக் கிழமைகளில் ஷெல் பட்டு இறந்துவிட்டார் என்று, யாரோ ஒருவர் யாரோ ஒருவரிடம் சொல்லி, எங்களுக்குத் தொலைபேசியில் செய்தி வந்தது. எங்கே புதைத்தார்கள், புதைத்தார்களா என்பது தெரியாது. உடல் இல்லாமல் எப்படிச் செத்தவீடு செய்வது? சுவரில் படத்தை மாட்டினோம், விளக்கு வைத்தோம், வந்தவர்களுக்குத் தேநீர் கொடுத்தோம். பத்மா அழவில்லை. தேநீருக்குச் சீனி போதுமா என்று எல்லோரிடமும் கேட்டுக்கொண்டிருந்தாள். எனக்கு அது பயமாக இருந்தது.

ஆறுதல் சொல்லத் தெரியாதவன் நாடகம் எழுதுவான். நான் எழுதினேன். கதை சின்னது. ஸ்காபரோவில் ஓர் அப்பா இறந்து கிடக்கிறார். லண்டனில் இருந்தும் பாரிசில் இருந்தும் வந்த பிள்ளைகள் உடலைச் சுற்றி நின்று சண்டை பிடிக்கிறார்கள்: கொள்ளி வைப்பது யார், சாம்பலை எந்தக் கடலில் கரைப்பது, படத்தில் அப்பாவுக்குப் பக்கத்தில் நிற்பது யார். கடைசியாக மூத்த மகள் பயணப்பையோடு வருகிறாள். எல்லோரையும் வெளியே போகச் சொல்லிவிட்டு அப்பாவோடு தனியே கதைக்கிறாள். விளக்கு அணைகிறது. அவ்வளவுதான்.

மூத்த மகளாகப் பத்மா நடிப்பதாகச் சொன்னாள். ஆனால் ஒத்திகைகளில் அந்தக் கடைசிக் காட்சிக்கு மட்டும் வரமாட்டாள்.

"அதை அண்டைக்குச் செய்யிறன்" என்பாள்.

"ஒருக்காவது செய்து பாக்க வேணுமப்பா. வசனம் ஒரு பக்கம் இருக்கு."

"அண்டைக்கு எண்டு சொன்னன்தானே."

நான் ஹெய்னோவிடம் போய் முறையிட்டேன். அவர் அவளுடைய அப்பாவின் கதையை முழுவதும் கேட்டார். பிறகு, "அவளை விடு. அது ஒரு தடவைதான் நடக்கும். அது நடக்கும் வரை நாடகம் நிற்காமல் பார்த்துக்கொள். உன்னுடைய வேலை அவ்வளவுதான்" என்றார்.

எங்கள் ஊர்ச் சங்கத்தின் தலைவர் கனகசபை அண்ணை மண்டபம் ஒழுங்கு செய்து தந்தார். அருமையான மனிதர். மூன்று துண்டுக் கோட் சூட் இல்லாமல் அவரை நான் பார்த்ததில்லை. பிரதம விருந்தினர் இல்லாத நிகழ்ச்சி அவருக்கு உப்பில்லாத கஞ்சி. ஹெய்னோவைப் பற்றிச் சொன்னதும் துள்ளி எழுந்தார். "எஸ்தோனியாவோ! இதுவரை ஒரு சங்கத்துக்கும் எஸ்தோனியா வரேல்லைத் தம்பி" என்று சொல்லி, உடனே துண்டுப்பிரசுரம் அடித்துவிட்டார். பிரதம விருந்தினர்: புகழ்பூத்த எஸ்தோனிய மேடை நடிகர். நேரம்: மாலை ஆறு மணி.

அதற்குப் பிறகுதான் பிணம் பிழைத்தது. அப்பாவின் உடலாகப் படுக்கச் சம்மதித்திருந்த என் நண்பர் இரவு வேலைக்காரர். கட்டிலைக் கண்டால் அவருக்குக் குறட்டை. பிள்ளைகள் கொள்ளியைப் பற்றிச் சண்டை பிடிக்கும்போது அப்பா குறட்டை விட்டால் கதையே வேறாகப் போய்விடும். கடைசிக் கிழமையில் நான் தலையில் கை வைத்தபடி வகுப்பில் இருந்தபோது ஹெய்னோ சொன்னார்: "நான் படுக்கிறேன். பிணத்துக்கு மொழி தேவையில்லை."

அதைச் சொல்லும்போது அவர் என்னைப் பார்க்கவில்லை. கதிரைகளை அடுக்கிக்கொண்டே சொன்னார். ஒரு மனிதர் இன்னும் ஒரு தடவை மேடை ஏற எவ்வளவு ஆசைப்பட்டால் பிணமாகவாவது ஏறலாம் என்று கேட்பார்? ஓம் என்றேன், தமிழிலேயே.

வெள்ளைக்காரர் எப்படித் தமிழ் அப்பாவாக இருப்பார் என்று ஒத்திகையில் கேள்வி எழுந்தது. பத்மாதான் முடித்து வைத்தாள். "செத்தாப் பிறகு எல்லாரும் வெளிறித்தானே போவினம்" என்றாள். வேட்டி கட்டி, வாய் திறக்காதபடி நாடிக்குத் துணி கட்டி, நெற்றியில் திருநீறு பூசினோம். அசல் ஊர் வாத்தியார் மாதிரி இருந்தார். விருந்தினரே பிணம் என்பதை ஓர் ஆச்சரியமாக வைத்திருக்க நினைத்தேன். கனகசபை அண்ணைக்குச் சொல்லவில்லை. பொன்னாடையை நாடகம் முடிந்த பிறகு போர்த்தலாந்தானே என்று என் பாட்டில் கணக்குப் போட்டேன்.

அந்தச் சனிக்கிழமை, ஹெய்னோ ஐந்து மணிக்கே கட்டிலில் படுத்துவிட்டார். தலைமாட்டில் ஒரு குத்துவிளக்கு எரிந்தது. விளக்கு வெளிச்சம் எல்லாம் என் தம்பி சுகந்தனின் பொறுப்பு. பின்னால் சுவிட்சுகளோடு இருந்தான். ஆறு மணிக்கு ஐந்து நிமிடம் இருக்கும்போது திரைச்சீலைக்குள்ளால் எட்டிப் பார்த்தேன். மண்டபத்தில் ஏழெட்டுப் பேர். அதில் இரண்டு பேர் தவறான மண்டபத்துக்கு வந்தவர்கள்.

"ஒரு பத்து நிமிஷம் பொறுப்பமோ?" என்று பிணத்திடம் கேட்டேன்.

பிணம் ஒரு கண்ணைத் திறந்து என்னைப் பார்த்தது. அந்தப் பார்வையைப் பார்த்த யாரும் பொறுத்திருக்க மாட்டார்கள். சரியாக ஆறு மணிக்குத் திரை திறந்தது.

முதல் அரைமணி நேரம் அற்புதம். ஆட்கள் வந்துகொண்டே இருந்தார்கள். வந்தவர்கள் நாடகம் தொடங்கிவிட்டதைப் பார்த்து, கைக்கடிகாரத்தைக் குலுக்கிப் பார்த்து, பழுதில்லை என்று தெரிந்ததும் திகைத்து உட்கார்ந்தார்கள். நான் மேடை ஓரத்தில், சால்வையும் கயிறுமாக, உலகத்தை ஆளும் ஒருவனைப் போல நின்றுகொண்டிருந்தேன். என் பக்கத்தில் பத்மா பயணப்பையைப் பிடித்தபடி, தன் முறைக்காகக் காத்திருந்தாள்.

ஏழு மணிக்கு, தன் வழக்கப்படி மிகச் சரியான நேரத்துக்கு, கனகசபை அண்ணை பொன்னாடையோடு வந்தார்.

அவருடைய கண்ணால் பாருங்கள். மேடையில் நாலைந்து பேர் நின்று ஒருவரோடொருவர் சத்தம் போட்டுக்கொண்டிருக்கிறார்கள். எங்கள் சங்க நிகழ்ச்சி எதுவும் தொடங்குவதற்கு முன்னர் மேடை அப்படித்தான் இருக்கும். ஒரு குத்துவிளக்கு எரிகிறது. அதாவது, தலைவர் வருவதற்கு முன்பே யாரோ மங்கள விளக்கை ஏற்றிவிட்டார்கள்! பொறுப்பாரா மனிதர்? பக்கத்துப் படிகளால் விறுவிறு என்று ஏறி மேடைக்கு வந்துவிட்டார்.

"ஆர் உந்த விளக்கைக் கொளுத்தினது?"

இங்கேதான் என் பயிற்சி என் காலை வாரியது. மேடைக்கு எது வந்தாலும் அதை நாடகமாக எடுத்துக்கொள்ள வேண்டும், முழிக்கக் கூடாது என்று ஹெய்னோ எனக்குக் கற்பித்திருந்தார். அதை நான் என் நடிகர்களுக்கு மந்திரம் போல ஓதியிருந்தேன். லண்டன் மகனாக நடித்தவர் ஒரு கணமும் தயங்கவில்லை.

"வாங்கோ பெரியப்பா. இப்பத்தான் உங்களுக்கு வர நேரம் கிடைச்சதோ?"

"நான் எப்ப உனக்குப் பெரியப்பா ஆனனான்?"

"இந்த நேரத்திலயும் சொந்தத்தை மறுக்கிறியளே!" என்று பாரிஸ் மகள் குலுங்கினாள். சபையில் சிலர் கைதட்டினார்கள். புதுப் பாத்திரம் நன்றாக இருந்ததாம்.

நான் ஓடிப்போய் அண்ணையைப் பிடித்து இறக்கியிருக்கலாம். ஆனால் நாடகம் நடக்கும்போது இயக்குநர் மேடையில் கால் வைத்தால் நாடகம் செத்தது என்றும் எனக்குக் கற்பிக்கப்பட்டிருந்தது. ஒரு காலைத் தூக்கினேன். அந்தக் கால் அப்படியே நின்றது. "அண்ணை, அண்ணை" என்று கிசுகிசுத்தேன். அவர் என்னைப் பார்த்துக் கையசைத்தார், எல்லாம் தான் பார்த்துக்கொள்வதாக.

அதற்குள் அவர் கட்டிலைக் கண்டுவிட்டார். வேட்டியோடு ஒரு வெள்ளைக்காரர் படுத்திருக்கிறார். ஒலிவாங்கியை எடுத்தார். எங்கள் அண்ணை ஒலிவாங்கியை எடுத்தால் எப்படியும் அரைமணி நேரம் என்பது சுகந்தனுக்குத் தெரியும். எனவே அவன் சுவிட்சுகளை விட்டுவிட்டு ரோல்ஸ் சாப்பிட வெளியே போய்விட்டான். இதை நான் பிறகுதான் அறிந்தேன்.

"வணக்கம். முதலிலை நாங்கள் எல்லாரும் மன்னிப்புக் கேக்க வேணும். எங்கடை பிரதம விருந்தினர் தமிழர் மாதிரி வேட்டியெல்லாம் கட்டி, ஆறு மணிக்கே வந்து, எங்களைப் பாத்துப் பாத்துக் களைச்சு, இந்தா, படுத்திட்டார். வயசு போன மனுசன். உவருக்குப் பல்லுக்கொதி வேறை போலை, நாடியிலை துணி கட்டியிருக்கிறார். எங்களாலைதான்."

அந்தக் குரலில் உண்மையான கவலை இருந்தது. பிறகு, இளஞ்சிவப்பில் பொற்கரை போட்ட பொன்னாடையை விரித்து, குனிந்து, பிணத்துக்குப் போர்த்தினார். புகைப்படக்காரர் ஓடிவந்தார். அண்ணை கமராவைப் பார்த்துச் சிரித்தபடி விருந்தினரின் கையைப் பிடித்துக் குலுக்கினார். ஹெய்னோ அறுபது வருடத்துக்கு மேல் தொழில் பழகிய நடிகர். கை குளிர்ந்த கயிறு மாதிரிக் கிடந்தது. அண்ணை விட்டதும் தொப்பென்று விழுந்தது.

"ஐயோ!" ஒலிவாங்கி அலறியது. "ஆள் போயிட்டார்!"

ஆறு மணிக்கே வந்திருந்தவர்கள் கீழே இருந்து கத்தினார்கள்: "அவர் முதலே செத்திட்டார்!"

"முதலே செத்தவரெண்டால் ஏன் எனக்கு ஒருத்தரும் சொல்லேல்லை?"

அதன் பிறகு மண்டபம் இரண்டாகப் பிரிந்தது. நேரத்துக்கு வந்தவர்களுக்கு அது நாடகம். பிந்தி வந்தவர்களுக்கு அது மரணம். பிந்தி வந்தவர்கள்தான் தொகையில் கூடுதல். ஒரே நேரத்தில் பல கைத்தொலைபேசிகள் 911-ஐ அழைத்தன. ஆஸ்பத்திரியில் நேர்ஸாக வேலை செய்யும் புஷ்பா அன்ரி செருப்பைக் கழற்றி எறிந்துவிட்டு மேடைக்கு ஓடி வந்தா. நாடியைப் பிடித்தா. "இருக்கு! நாடி இருக்கு! தள்ளுங்கோ எல்லாரும்!" என்று சேலைத் தலைப்பை இடுப்பில் செருகிக்கொண்டா. நெஞ்சில் அமர்த்தத் தொடங்கினால் எலும்பு நொறுங்கும் என்று நான் வேலைத்தலத்து முதலுதவி வகுப்பில் படித்திருந்தேன். தூக்கிய காலை மேடையில் வைத்தேன்.

"அன்ரி! அது நடிப்பு! அவர் நடிக்கிறார்!"

"நடிக்கிற ஆளெண்டால் எழும்பச் சொல்லும் பாப்பம்!"

நான் ஹெய்னோவின் காதில், "தயவுசெய்து எழும்புங்கள்" என்று கெஞ்சினேன். ஒன்றும் இல்லை. விளக்கு அணைந்தால்தான் பிணம் எழும்பும். நாங்கள் இருவரும் பேசி வைத்தது அதுதான். "சுகந்தன், லைற்றை நூருடா!" என்று கத்தினேன். சுகந்தன் வெளியே இரண்டாவது ரோல்ஸில் இருந்தான். லண்டன் மகன் இன்னும் முழிக்காமல், "அப்பாவை எழுப்பக் கனபேர் முயற்சி செய்யினம், பெரியப்பா" என்று வசனம் சொல்லிக்கொண்டிருந்தார். அவரைக் கொல்லலாம் போல இருந்தது.

இந்த நகரத்தில் அம்புலன்ஸைக் கூப்பிட்டால் தீயணைப்பு வண்டியும் கூடவே வரும். பெரிய சப்பாத்துகளோடு நான்கு தீயணைப்பு வீரர்களும், அவர்களுக்குப் பின்னால் மருத்துவ உதவியாளரான ஓர் இளம் பெண்ணும் நடுப்பாதையால் வந்தார்கள். அந்தப் பெண் கட்டிலுக்குப் பக்கத்தில் முழங்காலிட்டு, "சேர், நான் சொல்வது கேட்கிறதா?" என்று குனிந்தாள். அவள் முகம் மாறியது. இன்னும் குனிந்து, காதை அவருடைய வாயருகே கொண்டுபோனாள். பிறகு முழங்காலாலேயே இரண்டடி இடப்பக்கம் நகர்ந்தாள்.

ஹெய்னோ அவளிடம் சொன்னது இது: "பிள்ளை, நீ என் வெளிச்சத்தை மறைக்கிறாய்."

அவள் நாடி பார்த்தாள், இரத்த அழுத்தம் பார்த்தாள், வாயோடு காது வைத்து இன்னும் கொஞ்சம் பேசினாள். பிறகு எழுந்து, இங்கே யாருடைய பொறுப்பு என்று கேட்டாள். கனகசபை அண்ணை கை உயர்த்தினார். நானும் உயர்த்தினேன்.

"நான் இயக்குநர்" என்றேன்.

"எதனுடைய இயக்குநர்?"

நான் கட்டிலைக் காட்டினேன்.

"இவருக்கு ஒன்றும் இல்லை. என்னைவிட நல்லாயிருக்கிறார். ஆனால் விளக்கு அணையும்வரை தான் இறந்தவராம். எங்களோடு வர மறுக்கிறார். நாடகத்தில் இன்னும் ஒருத்தி வர இருக்கிறாளாம். அவள் வரும்வரை யாராலும் தன்னை அசைக்க முடியாது என்கிறார்."

நான் திரும்பிப் பார்த்தேன். பத்மா அதே இடத்தில் நின்றாள். அவளிடம் போனேன். என் சால்வை எங்கேயோ விழுந்துவிட்டது. எனக்கு அழுகை வந்துகொண்டிருந்தது. எல்லாவற்றையும் நாசமாக்கிவிட்டேன், அவள் இத்தனை மாதம் பொத்திவைத்திருந்த ஒன்றை ஊர் சிரிக்க வைத்துவிட்டேன் என்று நெஞ்சு பதறியது.

"நிப்பாட்டுவமப்பா" என்றேன். "வீட்டை போவம்."

"அவர் எழும்பினவரோ?"

"இல்லை."

"அப்ப நான் போறன்."

பையைத் தூக்கிக்கொண்டு மேடைக்குப் போனாள். நடுவில் நின்றாள். பிள்ளைகள், பெரியப்பா, புஷ்பா அன்ரி, தீயணைப்பு வீரர்கள், எல்லோரையும் ஒரு சுற்றுப் பார்த்தாள்.

"எல்லாரும் வெளியாலை போங்கோ. நான் அப்பாவோடை தனியக் கதைக்க வேணும்."

அது நான் எழுதிய வசனந்தான். ஆனால் அந்தக் குரலை நான் எழுதவில்லை. எல்லோரும் போனார்கள். கனகசபை அண்ணை ஒலிவாங்கியை மெதுவாகக் கீழே வைத்துவிட்டுத் தலையைக் குனிந்தபடி போனார். தமிழ் தெரியாத தீயணைப்பு வீரர்களும் தொப்பியைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொண்டு இறங்கி, பின்சுவரோடு போய் நின்றார்கள்.

பத்மா கட்டிலின் ஓரத்தில் இருந்தாள். குலைந்து கிடந்த பொன்னாடையை எடுத்து உதறி, நெஞ்சில் இருந்து பாதம் வரைக்கும் ஒரு சுருக்கமும் இல்லாமல் இழுத்து மூடினாள். கால்மாட்டில் வெளியே தெரிந்த பெருவிரலையும் மூடினாள். நான் எழுதிக் கொடுத்த ஒரு பக்க வசனத்தில் ஒரு சொல்லும் அவள் சொல்லவில்லை.

"அப்பா," என்றாள், "நான் பிந்தியிட்டன்."

பிறகு அழுதாள். மே மாதத்தில் இருந்து வராத அழுகை வந்தது. மண்டபத்தில் அந்த வருடம் யாரையும் இழக்காதவர்கள் சிலர்தான் இருந்திருப்பார்கள். ஒருவரும் இருமவில்லை. கதிரை அசையவில்லை. நான் மேடை ஓரத்தில் இருந்த ஏணியைப் பிடித்துக்கொண்டு, சத்தம் வராமல் வாயைப் பொத்திக்கொண்டு அழுதேன். சுகந்தன் கையில் பாதி ரோல்ஸோடு திரும்பி வந்து, மேடையைப் பார்த்து அப்படியே நின்றான். நல்லவேளையாக அவசரப்படவில்லை. வெகுநேரம் கழித்து விளக்கை அணைத்தான்.

இருட்டில் கட்டில் கிறீச்சிட்டது. யாரோ மூக்குச் சிந்தினார்கள். அது பத்மா அல்ல.

மறுபடி வெளிச்சம் வந்தபோது, பொன்னாடையோடும் நாடிக்கட்டோடும் ஹெய்னோ எழுந்து நின்று, பத்மாவின் கையைப் பிடித்துச் சபைக்கு வணங்கினார். செத்த அப்பாவின் நாடிக்கட்டையும் பொன்னாடையையும் சேர்த்துப் பார்த்ததும் யாரோ ஒருவருக்குச் சிரிப்பு வந்தது. அது பரவியது. அழுத முகத்தோடு ஒரு மண்டபமே சிரித்தது. பத்மாவும் சிரித்தாள். சீனி போதுமா என்று கேட்ட பத்மா இல்லை, என்னுடைய பழைய பத்மா.

"நாலாவது அங்கம்!" என்றார் ஹெய்னோ என் காதில், என் தோளை நசுக்கிக்கொண்டு. "கடைசியில் நாலாவது அங்கத்துக்கு வந்துவிட்டேன்!"

கனகசபை அண்ணை விட்டாரா? வரவேற்புரையை அதற்குப் பிறகு, எல்லோரும் கோட்டை மாட்டிக்கொண்டு வெளியேறும்போது நிகழ்த்தினார். தீயணைப்பு வீரர்களுக்கும் பொன்னாடை போர்த்தப் பார்த்தார். கைவசம் ஒன்றுதான் இருந்தது.

ஹெய்னோ அதற்குப் பிறகு எங்கள் வீட்டு மனிதர் ஆனார். மாதத்தில் ஒரு ஞாயிறு வருவார். ஆறு மணிக்கு வா என்றால் ஆறு மணிக்கு அழைப்புமணி அடிக்கும். நான் அப்போது குளித்துக்கொண்டிருப்பேன். எங்கள் வீட்டில் நேரம் இரண்டு வகையாயிற்று. யாராவது ஒரு நேரத்தைச் சொன்னால், "ஊர் ஆறோ, எஸ்தோனியா ஆறோ?" என்று பத்மா கேட்பாள்.

சில வருடங்களுக்குப் பிறகு அவர் உண்மையாகவே இறந்தார். அவருடைய மகள் தொலைபேசியில் அழைத்து, தேவாலயத்தில் பத்து மணிக்கு என்றார். நாங்கள் திருந்தியவர்கள்தான், ஆனாலும் கனகசபை அண்ணையையும் சங்கத்தில் இன்னும் சிலரையும் ஏற்றிக்கொண்டு புறப்பட்டால் என்ன ஆகும்? ஃபோர் ஓ வண் நெடுஞ்சாலையில் நெரிசல். அண்ணை வேறு கழுத்துப்பட்டியை மறந்துவிட்டார் என்று திரும்பிப் போனோம். தேவாலய வாசலுக்கு வந்தபோது பதினொரு மணிக்குச் சில நிமிடங்கள் இருந்தன. எல்லாம் முடிந்திருக்கும். வெட்கத்தில் எனக்குக் காது சுட்டது. மற்றொரு தடவை பத்மா பிந்திவிட்டாள், அதுவும் என்னால்.

உள்ளே ஆட்கள் அப்போதுதான் வந்து உட்கார்ந்துகொண்டிருந்தார்கள். மகள் எங்களைப் பார்த்து வந்தார். நான் மன்னிப்புக் கேட்க வாயைத் திறந்தேன்.

"நீங்கள் சரியான நேரத்துக்கு வந்திருக்கிறீர்கள்" என்றார் அவர், அழுகைக்கும் சிரிப்புக்கும் நடுவில். "பதினொரு மணிக்குத்தான். தமிழர்களுக்கு மட்டும் பத்து என்று சொல்லு என்று அப்பா சொல்லிவிட்டுப் போனார்."

முன்னால் பெட்டி இருந்தது. அதன்மேல், அங்கே கூடியிருந்த எஸ்தோனியர்கள் ஒருவருக்கும் விளங்காதபடி, இளஞ்சிவப்பில் பொற்கரை போட்ட பொன்னாடை விரித்திருந்தது. பத்மா போய், ஒரு பக்கம் இறங்கியிருந்த கரையை இழுத்துச் சரிசெய்தாள். "மாஸ்ரர், இந்தமுறை நேரத்துக்கு வந்திட்டன்" என்று தமிழில் சொன்னாள்.

பூசை முடிந்து எல்லோரும் கோப்பி குடிக்கப் பக்கத்து அறைக்குப் போனார்கள். நாங்கள்தான் கடைசி. தேவாலயத்துக் காவலாளி, உள்ளே ஒருவரும் இல்லை என்று நினைத்து, சுவிட்சுகளை ஒவ்வொன்றாக அணைத்தார். படக் என்று இருட்டாகிவிட்டது.

நாங்கள் எல்லோரும் ஒரே நேரத்தில் திரும்பிப் பெட்டியைப் பார்த்தோம். யாரும் யாருக்கும் சொல்லவில்லை. அப்படியே நின்றோம்.

இருட்டுக்குள் கனகசபை அண்ணையின் குரல், உடைந்துபோய், மெதுவாகக் கேட்டது: "அவசரப்படாதேங்கோ. இன்னும் கொஞ்சம் பொறுத்துப் பாப்பம்."

இப்போதும் எங்கள் வீட்டில் படுக்கப் போகும்போது யாராவது விளக்கை அணைத்தால், ஏதாவது ஓர் அறையில் இருந்து அந்தக் குரல் வரும். பெரும்பாலும் அது பத்மாவாக இருக்கும். "பொறுத்துப் பாப்பம்" என்பாள். நாங்களும் கொஞ்ச நேரம் பொறுத்துப் பார்த்துவிட்டுத்தான் தூங்குகிறோம்.